கேமரா, எடிட்டிங், இயக்கம்: கேட்டவர்களுக்குப் பதில்கள்

மார்த்தாண்டம் தம்பி: அண்ணே, கல்யாண வீடியோ எடுக்கேன். எடிட்டிங் வெளியே குடுக்கேன். டைரக்டர் ஆகணும். அடுத்து என்ன படிக்க?

எடிட்டிங்தான் தம்பி. இனி வெளியே கொடுக்காதீங்க. தாலி கட்டும் ஷாட் இருக்கும், அதைப் பார்த்து நிற்கிற அம்மாவின் முகம் இருக்காது. எடிட்டில் உட்கார்ந்தால்தான் இது உறைக்கும். அடுத்த கல்யாணத்தில் கேமரா தானாக அம்மா பக்கம் திரும்பும். பாலுமகேந்திராவும் கேமராவில் தொடங்கியவர்தான். 1974-இல் மலையாள ‘நெல்லு’வுக்கு ஒளிப்பதிவு, 1977-இல் கன்னட ‘கோகிலா’வுக்கு இயக்கம். ‘வீடு’ படத்தில் எடிட்டிங்கும் அவரே.

தக்கலை, கல்லூரி மாணவி: பொம்பளப்பிள்ளைக்கு எதுக்கு கேமரான்னு வீட்டுல கேக்காங்க.

பி.ஆர்.விஜயலட்சுமியைப் பற்றிச் சொல்லுங்கம்மா. 1985-இல் ‘சின்ன வீடு’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர், 1995-இல் ‘பாட்டு பாடவா’வை இயக்கினார். தரமணியில் இருப்பது அரசுத் திரைப்படக் கல்லூரி என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள், வீட்டில் அதற்கு மதிப்பு உண்டு. அங்கே ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் எல்லாம் தனித்தனிப் படிப்பு. நீங்கள் ஒளிப்பதிவில் சேர்ந்தாலும் எடிட்டிங் பிள்ளைகளோடு பழகுங்கள்.

குளச்சல்: மத்தியானம் கடல்ல எடுத்தா எல்லாம் வெளுத்துப் போகுது. ஷட்டரை ஏத்தினா அலை வெட்டி வெட்டி ஓடுது.

நொடிக்கு 24 ஃபிரேம் எடுக்கும்போது ஷட்டர் 1/50 நொடியிலேயே இருக்கட்டும். வெளிச்சத்தைக் குறைக்க, லென்ஸுக்கு முன்னால் மாட்டும் கறுப்புக் கண்ணாடியான என்.டி. ஃபில்டர் வாங்குங்கள். லென்ஸில் உப்புச் சாரல் பட்டால் வேட்டி நுனியால் தேய்க்கக் கூடாது, கீறல் விழும்.

நாகர்கோவில்: நானே எடுத்து, நானே எடிட் பண்ணுதேன். எந்த ஷாட்டையும் தூக்க மனசு வரல்ல.

இதுதான் கேமராக்காரர் எடிட்டராகும்போது வருகிற பெரிய தடை. முட்டம் பாறையில் வழுக்கி விழாமல் நின்று பிடித்த அஸ்தமனம் உங்களுக்கு உயிர். அந்தப் பாடு பார்க்கிறவருக்குத் தெரியாது. அவருக்கு வேண்டியது கதை. முதலில் அழகான ஷாட்டுகளை ஒதுக்கிவைத்து, கதைக்கு வேண்டியதை மட்டும் கோர்த்துப் பாருங்கள். ஏதாவது குறைகிறதென்றால் மட்டும் அஸ்தமனத்தை உள்ளே எடுங்கள். பெரும்பாலும் குறையாது.

இயக்கத்திலும் இதே தொல்லை உண்டு. ஃபோக்கஸைப் பார்த்துக்கொண்டிருந்தால் நடிகரின் குரல் தடுமாறியது காதில் விழாது. மூன்றும் தெரிந்திருக்கட்டும். முதல் குறும்படத்தில் மட்டும் கேமராவை ஒரு கூட்டுக்காரனிடம் கொடுத்துவிட்டு, நடிகர் பக்கத்தில் நில்லுங்கள்.

கருங்கல்: குறும்படத்துல வருமானம் வருமா அண்ணே?

வராது. கல்யாண ஆர்டரை விட்டுவிடாதீங்க.