செந்நாய்க்குக் கேமரா கட்டும் முறை

கேள்வி: முதுமலையில் செந்நாய் ஆய்வு தொடங்கவிருக்கிறேன். புலிக்குக் கட்டுவதுபோலத் தானியங்கிக் கேமரா கட்டினால் போதுமா? படங்களை வைத்து எண்ணிக்கை எடுக்கலாமா?

எண்ணிக்கை எடுக்க முடியாது. புலிக்கு வரி, சிறுத்தைக்குப் புள்ளி. செந்நாய்க்கோ உடல் முழுக்கச் செம்பழுப்பு, வால் மட்டும் கருப்பு. காது கிழிந்த ஒன்றிரண்டைத் தவிர, இரண்டு கேமராவில் பதிவானவை ஒரே விலங்கா வேறா என்று சொல்ல வழியில்லை. நடமாட்டம், நேரம், கூட்டத்தில் குறைந்தது எத்தனை என்பவற்றைப் படங்களிலிருந்து எடுங்கள். எண்ணிக்கைக்கு எச்சத்தில், அதாவது மலத்தில், உள்ள மரபணுதான் வழி. வயநாட்டில் அப்படித்தான் கணக்கிட்டார்கள்.

கேமராவுக்கு இடம் காட்டுவதும் எச்சமே. கூட்டமாக ஒரே இடத்தில் கழிப்பது இவற்றின் வழக்கம். வண்டிப்பாதைகள் கூடும் இடத்தில் பழையதும் புதியதும் கலந்து கிடந்தால் அங்கே கட்டுங்கள். தோள் உயரமே அரை மீட்டர்தான். லென்ஸ் தரையிலிருந்து 40 செ.மீ. உயரத்தில், பாதையிலிருந்து 3 மீட்டர் தள்ளி இருக்கட்டும். பாதைக்கு நேர்குறுக்காக வைத்தால், ஓட்டநடையில் போகும் விலங்கின் வால்தான் பதிவாகும். பாதைக்குச் சாய்கோணத்தில் வையுங்கள். 30 விநாடி வீடியோ, அடுத்த பதிவுக்கு இடைவெளியே வேண்டாம். ஒரு நிமிடம் விட்டாலும் பின்னால் வருபவை தப்பிவிடும்.

ஏப்ரல் நண்பகலில் தரைச்சூடு உடல்சூட்டை நெருங்கும்போது சென்சார் ஏமாறும். அந்நேரம் படம் இல்லை என்பதால் விலங்கே இல்லை என்று எழுதிவிடாதீர்கள். யானைகள் கேமராவைப் பிடுங்கிப் போடும். மெமரி கார்டை வாரந்தோறும் மாற்றினால் இழப்பு அந்த வாரத்தோடு நிற்கும்.

எச்சம் எடுக்கையில் கையுறையும் முகக்கவசமும் கட்டாயம். நாடாப்புழு முட்டை இருக்கலாம். மரபணு தரும் குடல் செல்கள் ஒட்டியிருப்பது மேற்பரப்பில்தான். அதைச் சுரண்டி எத்தனாலில் போடுங்கள், மீதியை அங்கேயே விடுங்கள்; அது கூட்டத்தின் எல்லைக்குறியும்கூட. மழையில் ஊறியதில் மரபணு தேறாது. சிறுத்தை எச்சமும் கலந்துவிடும் என்பதால் ஆய்வகத்தில் முதலில் இனத்தை உறுதிசெய்யச் சொல்லுங்கள். தானியங்கிக் கேமரா பரவலாகுமுன்பே, 1970களில் பந்திப்பூரில் காட்டுயிர் ஆய்வாளர் ஏ.ஜே.டி. ஜான்சிங் நேரில் கவனித்தும் எச்சங்களை ஆராய்ந்தும் இவற்றின் இரையைப் பதிவுசெய்தார். எச்சத்தை அற்பமாக எண்ணவேண்டாம்.

இவை அனைத்துக்கும் முதன்மை வனஉயிரினக் காப்பாளரின் அனுமதி முன்கூட்டியே வேண்டும். குளிர்காலம் குட்டி ஈனும் பருவம். பால்மடி தொங்கும் பெண்நாய் ஒரே திசையில் திரும்பத் திரும்பப் போவது பதிவானால், அத்திசையில் ஆள் போகக்கூடாது. மனித நடமாட்டம் கண்டால் தாய் குட்டிகளை வேறிடத்துக்குத் தூக்கிச் செல்லும். அந்த இடமாற்றத்தில் குட்டிகள் சாகலாம். அந்தப் பாதையிலுள்ள கேமராவை உடனே கழற்றிவிடுங்கள்.