வென்டிலேட்டரை எடுக்கச் சொல்வது கொலையா?

பாலக்காட்டு மருத்துவமனையில் அம்மா இருபது நாளாக வென்டிலேட்டரில் இருக்கிறார், நினைவு திரும்பாது என்று டாக்டரே சொல்லிவிட்டார், எடுக்கச் சொன்னால் கொலை என்கிறார் அண்ணன் என்று எழுதியிருக்கிறீர்கள்.

கொலை இல்லை, தம்பி. ஊசி போட்டு உயிரை எடுப்பதுதான் இங்கே குற்றம். பயனில்லாத சிகிச்சையை நிறுத்த உச்ச நீதிமன்றம் 2018-லேயே வழி விட்டது, 2023-ல் அதை எளிதாக்கியது. அம்மா எதுவும் எழுதி வைக்காவிட்டாலும் முடியும். சிகிச்சை தரும் டாக்டரும் இரண்டு நிபுணர்களும் சேர்ந்த குழு முதலில் பார்க்கும். அப்புறம் இரண்டாவது குழு. ஒவ்வொன்றும் கூடுமானவரை 48 மணி நேரத்தில் கருத்துச் சொல்ல வேண்டும். குடும்பத்தின் சம்மதம் தேவை. மாஜிஸ்திரேட்டுக்குத் தகவல் தருவது மருத்துவமனையின் வேலை, நீங்கள் கோர்ட்டுக்கு அலைய வேண்டாம்.

"உங்கள் பொறுப்பில் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குக் கூட்டிப் போங்கள்" என்று மருத்துவமனை சொன்னால், சரி என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். பாதி வழியில் மூச்சுத் திணறினால் யார் பார்ப்பார்கள்? வலியையும் திணறலையும் தணிக்கும் பாலியேட்டிவ் டாக்டரை முன்பே வரச் சொல்லுங்கள். குழாயை எடுக்கும்போது திணறல் தெரியாமலிருக்க மருந்து தருவார்கள்.

கொழிஞ்சாம்பாறையில் என் அப்பாவின் கடைசி வாரத்தில் பஞ்சாயத்து பாலியேட்டிவ் நர்ஸ் வீட்டுக்கே வந்தார். ஈரப் பஞ்சால் உதட்டை நனைப்பதை என் கையைப் பிடித்துச் சொல்லித்தந்தார். அந்த ஈரம் பட்டதும் அப்பா நாக்கை லேசாக நீட்டுவார்.

அண்ணனிடம் சட்டம் பேச வேண்டாம். "குழாய் போட்டுக் கிடத்தாதே" என்று அம்மா எப்போதாவது சொன்னதுண்டா என்று அவரையே கேளுங்கள்.