சட்டம் கேளுங்கள்: கிடப்பில் கிடக்கும் மனு

கேள்வி: திண்டுக்கல் மாவட்டத்தில் நான் கிரயம் வாங்கிய இடத்துக்கு உட்பிரிவுப் பட்டா கேட்டு விண்ணப்பித்து ஓராண்டு தாண்டிவிட்டது. தாசில்தார் அலுவலகத்தில் ஒரு பதிலும் இல்லை. ஹைகோர்ட்டுக்குப் போனால் பட்டா கிடைக்குமா?

பதில்: கோர்ட்டே பட்டா கொடுத்துவிடாது. உங்கள் மனு மீது தாசில்தார் முடிவெடுத்தாக வேண்டும் என்று உத்தரவிடும். அந்த முடிவு உங்களுக்குப் பாதகமாகவும் வரலாம்.

முதலில் ஆன்லைனில் விண்ணப்ப எண்ணைப் போட்டுப் பாருங்கள். 'நிராகரிக்கப்பட்டது' என்று எப்போதோ பதிவாகியிருக்கலாம். பலர் அதைப் பார்ப்பதே இல்லை. அப்படியிருந்தால் 1983ஆம் ஆண்டு பட்டா பாஸ்புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடுதான் வழி. நிலுவை என்றே காட்டினால், விண்ணப்ப எண், சர்வே எண், பத்திர எண், ஆண்டு எல்லாம் குறித்து தாசில்தாருக்கு நினைவூட்டு மனு கொடுங்கள். உங்கள் கைநகலில் தேதியோடு அலுவலக முத்திரை விழ வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி, விண்ணப்பம் யார் மேசையில் நிற்கிறது என்றும் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள் கெடு. சர்வேயர் அளக்காமல் நிற்கிறதா, வேறு யாரும் ஆட்சேபணை கொடுத்திருக்கிறார்களா என்பது அதில் தெரிந்துவிடும்.

அதன் பிறகு அரசமைப்புச் சட்டப் பிரிவு 226-ன் கீழ் ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடுங்கள். கூட்டுப்பட்டாதாரர்கள், ஆட்சேபித்தவர்கள் இருந்தால் அவர்களையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். அவர்களை விசாரிக்காமல் தாசில்தார் போடும் உத்தரவு மேல்முறையீட்டில் ரத்தாகி, மறுபடி முதலிலிருந்து தொடங்க நேரும்.

இத்தகைய உத்தரவுகளில், 'நகல் கிடைத்த நாளிலிருந்து 8 வாரத்துக்குள்' அல்லது '12 வாரத்துக்குள்' என்று பெரும்பாலும் இருக்கும். பலர் கோட்டை விடுவது இங்கேதான். உத்தரவு வந்த நாளிலிருந்து வாரத்தை எண்ணிக்கொண்டிருப்பார்கள். நகலோ அலுவலகத்துக்குப் போயே இருக்காது. சான்றிட்ட நகல் வாங்கியதும் பழைய விண்ணப்பத்தின் நகலோடு நேரில் கொடுத்து முத்திரை பெறுங்கள், ஸ்பீடு போஸ்ட்டிலும் அனுப்புங்கள். கெடு கடந்தும் முடிவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு போட அந்த முத்திரைதான் ஆதாரம். அதற்கும் ஓராண்டுதான் அவகாசம். 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது.

கேள்வி: அரசுப் பணியில் இருந்த என் கணவர் இறந்தபின் கருணை வேலை கேட்டேன். 2009-ல் நிராகரித்துவிட்டார்கள். இப்போது புது மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்கக் கோர்ட் உத்தரவு வாங்கலாமா?

பதில்: வாங்கினாலும் பயன்படாது, அம்மா. காலங்கடந்து செத்துப்போன கோரிக்கைக்கு 'பரிசீலிக்கவும்' என்ற உத்தரவு உயிர் கொடுக்காது என்று சுரங்கத் துறை ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-லேயே தெளிவாக்கிவிட்டது. ஆனால் குடும்ப ஓய்வூதியம் தவறாகக் கணக்கிடப்பட்டிருந்தால் தயங்காமல் கேளுங்கள். அது மாதாமாதம் தொடரும் பாதிப்பு என்பதால் காலதாமதம் பெரிய தடையாகாது. நிலுவைத் தொகை மட்டும் பொதுவாக வழக்குப் போடுவதற்கு முந்தைய 3 ஆண்டுகளுக்குத்தான் கிடைக்கும். வக்கீல் செலவுக்கு வழியில்லையே என்று விட்டுவிட வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. ஹைகோர்ட் சட்டப்பணிகள் குழுவில் விண்ணப்பியுங்கள்.