ரீமாஸ்டரா, ரீமிக்ஸா?

கேள்வி: பீட்டில்ஸின் 'சார்ஜென்ட் பெப்பர்ஸ்' ஆல்பத்துக்கு 2009-இல் ஒரு புதுப் பதிப்பு, 2017-இல் இன்னொன்று. நல்ல ஹெட்போன் வாங்கியிருக்கிறேன். எதைக் கேட்கலாம்?

பதில்: இரண்டும் வேறு வேறு வேலை. 2009-இல் வந்தது ரீமாஸ்டர். 1967-இல் மிக்ஸ் செய்து (தனித்தனியாகப் பதிந்த குரலையும் வாத்தியங்களையும் ஒன்றாகக் கலந்து) முடித்த டேப்பை எடுத்து, சுத்தம் பண்ணி, தொனியைச் சரிபார்த்து டிஜிட்டலுக்கு மாற்றினார்கள். பாடகரின் குரல் வலது ஓரத்தில் ஒதுங்கிக் கிடந்தால் கிடந்ததுதான், நடுவுக்குக் கொண்டுவர முடியாது. 2017-இல் தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டினின் மகன் ஜைல்ஸ் செய்தது ரீமிக்ஸ். அந்தக் காலத்து ஆபி ரோடு ஸ்டூடியோவில் அவர்களுக்கு இருந்தது நாலு டிராக் மெஷின், அதாவது டேப்பில் நாலு தனித்தனி வரிசைகளில்தான் பதியலாம். நாலும் நிரம்பியதும் அதை இன்னொரு டேப்பில் ஓரிரு டிராக்காகச் சுருக்கிவிட்டு, மிச்ச இடத்தில் மேலே மேலே பதிவார்கள், ஒவ்வொரு நகலுக்கும் டிரம்ஸும் பேஸும் கொஞ்சம் மங்கும், இரைச்சல் ஏறும். நல்லவேளை, சுருக்குவதற்கு முந்தைய டேப்புகளை யாரும் தூக்கிப் போடவில்லை. ஜைல்ஸ் அவற்றிலிருந்தே புதிதாக மிக்ஸ் செய்தார். ரிங்கோவின் டிரம்ஸ் இப்போது முகத்துக்கு நேரே விழுவது அதனால்தான்.

ஹெட்போனுக்கு 2017. ஆனால் அசல் எது என்று கேட்டால் மோனோ (இடம் வலம் என்று பிரிக்காமல் எல்லா ஒலியும் ஒன்றாக வரும் மிக்ஸ்) என்பேன். பீட்டில்ஸ் கூடவே உட்கார்ந்து பார்த்துப் பார்த்துச் செய்தது அதைத்தான்; ஸ்டீரியோ அவர்கள் இல்லாமல் அவசரமாக முடிந்த வேலை. 'ஷீஸ் லீவிங் ஹோம்' மோனோவில் வேகமும் சுருதியும் சற்று ஏறியிருக்கும், 1967 ஸ்டீரியோவில் ஒரே இழுவை.

கேள்வி: 24 பிட் ஃபைல் (சிடியைவிட நுணுக்கமான டிஜிட்டல் ஃபைல்) வாங்கினால்தான் முழு ஒலியும் கிடைக்குமா?

பதில்: சிடி தரமே போதும். இந்த ஆல்பத்தின் கடைசியில் நாய்களுக்காக 15 கிலோஹெர்ட்ஸ் விசில் ஒன்றைக் குறும்பாக வைத்திருக்கிறார்கள், சிடி 20 வரை தாராளமாகத் தாங்கும், ஐம்பதைத் தாண்டிய பலருக்கு அந்த 15-ஏ காதில் ஏறாது. பிட் கணக்கை விடுங்கள், லிமிட்டரை (உரத்த உச்சங்களை அமுக்கும் கருவி) எவ்வளவு இறுக்கியிருக்கிறார்கள் என்று பாருங்கள். எல்லாவற்றையும் உரக்க ஏற்றிவிட்டால் மெல்லியதும் பலத்ததும் ஒரே மட்டத்துக்கு வந்துவிடும். 'எ டே இன் தி லைஃப்' முடிவில் பியானோக்கள் சேர்ந்து அடிக்கும் அந்த ஒற்றைக் கார்டு (பல சுரங்களின் கூட்டொலி) நாற்பது விநாடிக்கு மேல் தேய்ந்துகொண்டே போகும், அது தேயத் தேய எஞ்சினியர் லெவலை ஏற்றிக்கொண்டே போனதால் யாரோ நாற்காலியில் நெளியும் கிரீச் சத்தம்கூடப் பதிவாகியிருக்கிறது. அந்த இடத்தைப் பதிப்புக்குப் பதிப்பு ஒப்பிட்டுக் கேளுங்கள். அப்புறம், ஒப்பிடும்முன் வால்யூமைச் சமமாக வையுங்கள், இல்லாவிட்டால் உரக்க ஒலிப்பதுதான் நல்லது என்று காது சொல்லிவிடும்.