எட்கர் ஆலன் போவுக்குக் கைகொடுத்த ஜான் பென்டில்டன் கென்னடி

19ஆம் நூற்றாண்டு அமெரிக்கத் தெற்கில் வழக்கறிஞராகவும் அரசியல்வாதியாகவும் எழுத்தாளராகவும் வாழ்ந்தவர்களுள் யாரைப் பற்றி அவசியம் அறிந்துகொள்ள வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் தயங்காமல் சொல்லும் பெயர் ஜான் பென்டில்டன் கென்னடி. குடியரசுத் தலைவர் கென்னடியின் குடும்பத்துக்கும் இவருக்கும் தொடர்பில்லை.

1795இல் மேரிலாந்து மாநிலத்தின் பால்டிமோர் நகரில் பிறந்து, 1816இல் வழக்கறிஞரானார். அத்தொழிலில் அவருக்கு மனம் ஒட்டவில்லை. உறவினர் விட்டுச்சென்ற சொத்து கைக்கு வந்ததும் எழுத்தின் பக்கம் திரும்பிவிட்டார்.

எனக்கு அவர்மீது மதிப்பு உண்டானது அமெரிக்கக் கவிஞரும் சிறுகதையாளருமான எட்கர் ஆலன் போவின் வரலாற்றைப் படித்தபோதுதான். 1833இல் பால்டிமோர் வார இதழ் ஒன்று நடத்திய சிறுகதைப் போட்டியில் போவின் கதைக்கு 50 டாலர் பரிசளித்த நடுவர் மூவருள் கென்னடியும் ஒருவர். 1835இல் அவர் போவை விருந்துக்கு அழைத்தார். உடுத்திவர நல்ல உடை இல்லாததால் வர இயலவில்லை என்று போ மனம் குன்றிப் பதில் எழுதினார். அதைப் படித்த கென்னடி இரங்கியதோடு நின்றுவிடவில்லை. உடை கொடுத்தார், தம் வீட்டில் எப்போது வேண்டுமானாலும் வந்து உண்ணச் சொன்னார், சவாரி செய்யக் குதிரையும் தந்தார், ரிச்மண்ட் நகர இதழ் ஒன்றுக்குப் பரிந்துரைத்து, போ அங்கே வேலையில் அமரவும் வழிசெய்தார். கென்னடி எழுதிய எந்த நாவலையும்விட இந்தச் செயலே அமெரிக்க இலக்கியத்துக்கு அவர் தந்த பெருங்கொடை என்பது என் உறுதியான கருத்து.

அரசியலில் அவர் அன்றைய அமெரிக்காவின் இரு பெருங்கட்சிகளுள் ஒன்றான விக் கட்சியைச் சேர்ந்தவர். அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் உறுப்பினராக இருந்தபோது, 1843இல் கண்டுபிடிப்பாளர் சாமுவேல் மோர்ஸின் தந்திச் சோதனைக்கு 30,000 டாலர் ஒதுக்கப்படத் துணை நின்றார். 1852இல் குடியரசுத் தலைவர் ஃபில்மோரின் அமைச்சரவையில் கடற்படைச் செயலரானார். அமெரிக்கக் கடற்படைத் தளபதி பெர்ரியின் கப்பல்கள் ஜப்பானை நோக்கிப் புறப்பட்டது அவர் பதவிக்காலத்தில்தான்.

அவருடைய நூல்களைப் படிக்க விரும்பினால், 1832இல் வெளிவந்த 'ஸ்வாலோ பார்ன்' நாவலில் தொடங்குங்கள். வர்ஜீனியாப் பண்ணை வாழ்க்கையின் சிறுசிறு காட்சிகளை நுட்பமாகத் தீட்டியிருக்கிறார். ஆனால் அடிமைகளைத் தம் நிலையில் மனநிறைவோடு வாழ்பவர்களாகவும், எசமானரைக் கருணை மிக்கவராகவும் காட்டும் பக்கங்களை என்னால் மன்னிக்க முடியவில்லை. சாட்டையும் ஏலமும் நிலவிய காலத்தில் எழுதப்பட்ட பக்கங்கள் அவை. அதே மனிதர்தான் உள்நாட்டுப் போரின்போது, தெற்கோடு தமக்கிருந்த உறவுகளையும் மீறி, தென் மாநிலங்களின் பிரிவினையை எதிர்த்து, நாடு பிரியக் கூடாது என்ற ஒன்றிய அரசின் பக்கம் நின்றார். அந்நிலைப்பாட்டை விளக்கி அவர் எழுதிய கடிதங்கள் 1865இல் நூலாக வந்தன. நாவலை முடித்த கையோடு அக்கடிதங்களையும் படித்துவிடுங்கள்.