இருவரும் சம்மதித்துப் பிரிகிறோம். மும்பை நீதிமன்றத்தில் ஆறு மாதம் காத்தே ஆக வேண்டுமா?

திருமணம் திருநெல்வேலியில், குடித்தனம் மும்பையில், பிரிந்து எட்டு மாதம், ஒரு குழந்தை என்று எழுதியிருக்கிறீர்கள். ஏறத்தாழ இதே நிலையில் செம்பூரிலிருந்து பாந்த்ரா குடும்ப நீதிமன்றத்துக்கு அலைந்தவள் நான்.

1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தில், இருவரும் சம்மதித்து விவாகரத்து பெறுவதற்கான 13பி பிரிவை 1976இல் சேர்த்தார்கள். அதன்படி ஓராண்டு பிரிந்திருந்த பிறகுதான் மனுவே போட முடியும். வேறு வேறு வீட்டில் இருந்தால்தான் பிரிவு என்பதில்லை. ஒரே கூரையின் கீழ் இருந்தாலும் கணவன் மனைவியாக வாழாத காலம் கணக்கில் வரும் என்று உச்ச நீதிமன்றம் 1991இல் சொல்லிவிட்டது. மனு போட்டு ஆறு மாதம் ஆன பின், பதினெட்டு மாதத்துக்குள், இருவரும் மறுபடி போய் நின்று கேட்க வேண்டும். அந்த ஆறு மாதத்தைத் தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்று 2017இல் தீர்ப்பு வந்தது. மனுவுக்கு முன்பே ஒன்றரை ஆண்டு பிரிந்திருக்கிறார்களா, சமரசம் பேசிப் பார்த்தாயிற்றா, ஜீவனாம்சமும் குழந்தை விஷயமும் உண்மையிலேயே தீர்ந்தனவா என்றெல்லாம் பார்ப்பார்கள்.

தாலி கட்டிய ஊரில்தான் வழக்கு போட வேண்டும் என்று உறவினர்கள் சொன்னால் கேட்காதீர்கள். கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊரிலும் போடலாம். பெரியவர்களை வைத்து முத்திரைத்தாளில் தீர்த்து எழுதிக்கொள்வதை நம்பியும் இருந்துவிடாதீர்கள். அப்படிப் பிரியும் வழக்கம் உங்கள் சமூகத்தில் தொன்றுதொட்டு உண்டு என்று நிரூபிக்க முடிந்தால் தவிர, அது விவாகரத்து ஆகாது.

ஆனால் ஆறு மாதத்தைக் குறைக்கும் வழியைத் தேடுவதற்கு முன் ஒன்றை யோசியுங்கள். அடி உதை, மிரட்டல் என்று ஏதாவது இருந்தால் நான் சொல்லப்போவது உங்களுக்கு இல்லை. அதற்குச் சட்டத்தில் வேறு வழிகள் இருக்கின்றன. அப்படி எதுவும் இல்லையென்றால் அந்த மாதங்கள் உங்களுக்குத் தேவைப்படும்.

எங்கள் ஒப்பந்தத்தில் வழக்கறிஞர், 'தந்தை நியாயமான முறையில் குழந்தையை வந்து பார்க்கலாம்' என்று ஒற்றை வரியில் முடித்திருந்தார். நீதிமன்றத்தின் திருமண ஆலோசகர் அதைப் படித்துவிட்டு, "தீபாவளிக்கு மகள் யார் வீட்டில்?" என்று கேட்டார். இருவரும் ஒரே நேரத்தில் "என் வீட்டில்" என்றோம். எனக்கு அழுகை வந்துவிட்டது. அன்று தாழ்வாரத்துப் பெஞ்சில் உட்கார்ந்து, ஒரு பழைய ரசீதின் பின்பக்கத்தில் இருவருமாக எழுத ஆரம்பித்தோம். தீபாவளி ஓராண்டு அவரிடம், மறு ஆண்டு என்னிடம். மே மாதம் பதினைந்து நாள் ஊரில் தாத்தா பாட்டியிடம். ரயில் டிக்கெட் யார் எடுப்பது, யார் கூட்டிப்போவது. பள்ளிக் கட்டணம் ஏறினால் யார் எவ்வளவு. பாஸ்போர்ட்டுக்கு இருவரும் தடையின்றிக் கையெழுத்திடுவது.

அவர் மும்பையை அடுத்த கல்யாண் நகரில் இருந்தார். வெள்ளி மாலை அழைத்துப்போய் ஞாயிறு இரவு விடுவதாக எழுதினோம். நடைமுறையில், வெள்ளிக்கிழமை மாலை லோக்கல் ரயில் நெரிசலில் ஆறு வயதுக் குழந்தையைக் கூட்டிப்போவது எத்தனை கொடுமை என்று இரண்டே வாரத்தில் தெரிந்துவிட்டது. சனிக்கிழமை காலை என்று மாற்றினோம். காத்திருந்த காலத்தில் இப்படி மூன்று இடங்களைத் திருத்தி, திருத்திய ஒப்பந்தத்தையே கடைசியில் கொடுத்தோம். அவசரப்பட்டு முடித்திருந்தால் அந்த மூன்றுக்கும் பிறகு சண்டை போட்டிருப்போம்.

ஆறு மாதத்தில் ஆபத்தும் உண்டு. தீர்ப்பு வரும்வரை இருவரில் ஒருவர் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம்; அதே 1991 தீர்ப்பு சொல்வதுதான். ஆகவே பணத்தை இரண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள்: மனு போடும்போது ஒரு பகுதி, இறுதி நாளில் மீதி, டிமாண்ட் டிராஃப்டாக. என் நகைகள் அத்தையின் வங்கி லாக்கரில் இருந்தன. மாமியாரை இன்றும் அத்தை என்றுதான் அழைக்கிறேன், அவர்மேல் சந்தேகம் எதுவும் இல்லை. இருந்தாலும் ஒவ்வொன்றையும் பவுன் கணக்கோடு பட்டியலிட்டு, இறுதி விசாரணைக்கு முன் தேதி குறித்து வாங்கிக்கொண்டேன். "எனக்கு எதுவும் வேண்டாம், விட்டால் போதும்" என்ற மனநிலையில் குழந்தையின் செலவையும் சேர்த்து விட்டுக்கொடுத்துவிடாதீர்கள். அது குழந்தையின் உரிமை, உங்களுடையது அல்ல.

இறுதி நாளில் நீதிபதி, யாராவது வற்புறுத்திக் கையெழுத்து வாங்கினார்களா என்று கேட்பார். எங்களுக்குப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. தீர்ப்பின் சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பிக்கும்போது நான்கைந்தாக வாங்கிவிடுங்கள். நான் ஒன்றே ஒன்று வாங்கி, பள்ளிக்கும் வங்கிக்குமாகப் பிறகு இரண்டு முறை பாந்த்ரா போக வேண்டியதாயிற்று.