மட்காத மண்

அன்புள்ள ஐயா,

வணக்கம். நான் டெக்சாஸில், ஆஸ்டினில் இருக்கிறேன். இங்கே மெக்சிகோ எல்லையோரம் இருக்கும் பிக் பெண்ட் தேசியப் பூங்காவுக்குப் போய்வந்ததைப் பற்றி முன்பு ஒரு கட்டுரையில் இரண்டு வரி எழுதியிருந்தீர்கள். டிசம்பர் விடுமுறையில் மனைவி, 9 வயது மகள், 6 வயது மகனோடு அங்கே போகலாம் என்றிருக்கிறேன். விடுதியில் இடமில்லை. சாலையோர முகாமிடங்கள் சில காலியாக இருக்கின்றன. தண்ணீர், மின்சாரம், கழிவறை எதுவும் கிடையாது, கூடாரம் போட ஒரு துண்டு நிலம் மட்டும்தான் என்கிறார்கள். பெரியவர்கள் நாங்கள் சமாளித்துக்கொள்வோம். குழந்தைகளைக் கூட்டிப் போகலாமா? இதுதான் என் முதல் கேள்வி.

விறகு மூட்டக் கூடாதாம். தீ இல்லாமல் என்ன கேம்பிங்? மனைவிக்குக் கழிவறை இல்லாததுதான் பெரிய தயக்கம். குழி தோண்டிப் புதைக்கலாம், ஆனால் டாய்லெட் பேப்பரைத் திரும்ப எடுத்து வந்துவிட வேண்டும் என்கிறது விதி. இது கொஞ்சம் அதிகமாகத் தெரிகிறது. மட்கக்கூடியது என்று போட்ட ஈரத்தாள்கள் கடையில் கிடைக்கின்றன. அதையும் சேர்த்துப் புதைத்துவிட்டால் என்ன தவறு? கடைசியாக ஒன்று. நம் பாலைத்திணையை நேரில் பார்க்கப் போகிறோம் என்று மகளிடம் சொல்லிவைத்திருக்கிறேன். சரிதானே?

எஸ்.

அன்புள்ள எஸ்,

தாராளமாகக் கூட்டிப் போங்கள். ஆறு வயதுப் பையனுக்கு மண்ணும் கல்லும் ஒரு டார்ச் லைட்டும் போதும். முதல் தடவை என்பதால் ஓல்ட் ஓர் ரோடு, ரிவர் ரோடு பக்கம் போக வேண்டாம். அங்கே அடிப்பாகம் உயர்ந்த வண்டி வேண்டும், டயர் போனால் உதவிக்கு யாராவது வரும்வரை காத்திருக்க வேண்டும். ஹானல்ட் டிரா, கவர்ன்மென்ட் ஸ்பிரிங் மாதிரி தார்ச்சாலையை அதிகம் விட்டு விலகாத இடம் கிடைக்கிறதா பாருங்கள். சாதாரணக் காரே போகும். ஆனாலும் பாந்தர் ஜங்ஷன் அலுவலகத்தில் இறங்கி, ரேஞ்சரிடம் சாலை நிலவரம் கேட்டுக்கொண்டு போங்கள். தண்ணீர் ஆளுக்கு ஒரு நாளைக்கு நாலு லிட்டர், அதற்கு மேல் ஒரு கேன் காரில் கிடக்கட்டும். டிசம்பர் இரவில் குளிர் எலும்பில் ஏறும். சாப்பாட்டுப் பொருள் எதுவும் கூடாரத்துக்குள் போகக் கூடாது. சரி, இது போதும்.

தீ வேண்டாம். காஸ் அடுப்பில் டீ போட்டுக் குடியுங்கள். விறகு என்று நீங்கள் நினைக்கிற காய்ந்த தண்டு அங்கே ஒரு தச்சுவண்டின் வீடு. தவிரவும், நெருப்பைப் பார்த்துக்கொண்டிருந்த கண்ணுக்கு நட்சத்திரம் சரியாகத் தெரியாது. அந்தப் பூங்காவை 2012இல் சர்வதேச இருள்வானப் பூங்காவாக அறிவித்தார்கள். அவ்வளவு தூரம் வண்டி ஓட்டிப் போய்விட்டு அந்த இருட்டைத் தீ மூட்டிக் கெடுப்பானேன்.

பாலைத்திணை என்று மகளிடம் சொல்லியிருக்க வேண்டாம். நம் பாலை கோடையில் காய்ந்துபோன முல்லையும் குறிஞ்சியும். மழை விழுந்தால் பழையபடி ஆகிவிடும். பிக் பெண்டில் இருப்பது சிவாவா பாலைவனம். அது காயவில்லை, அது அப்படித்தான். தெரிந்த பெயரை ஒட்டிவிட்டால் குழந்தை அந்தப் பெயரைத்தான் பார்க்கும், அந்த நிலத்தைப் பார்க்காது.

இப்போது ஈரத்தாளுக்கு வருகிறேன். உங்களுக்குப் பதில் எழுத உட்கார்ந்ததே அதற்காகத்தான்.

உங்கள் கடிதம் வந்த வாரம் நான் வேறொரு காட்சியை மனதிலிருந்து இறக்க முடியாமல் இருந்தேன். எங்கள் தெருவுக்குக் குப்பை வண்டியோடு வருகிற அம்மா, கிழிந்த கையுறையோடு, ஒரு வீட்டுப் பையைப் பிரித்து மக்கும் குப்பைக்குள்ளிருந்து குழந்தையின் டயபரைத் தனியே எடுத்துக்கொண்டிருந்தார். மார்கழி மாதம். அந்த வீட்டு வாசலில் அன்று போட்டிருந்த கோலம் தெருவிலேயே பெரியது. வீட்டுக்காரர்கள் கெட்டவர்கள் கிடையாது. அந்த அம்மாவுக்குப் பொங்கலுக்குச் சேலை எடுத்துக் கொடுப்பவர்கள். ஆனால் டயபரைத் தனிப் பையில் போடுவது அவர்களுக்குக் கொஞ்சம் அதிகமாகத் தெரிகிறது. நீங்கள் எழுதிய அதே சொல்.

எஸ், கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். மட்குவது என்றால் என்ன? ஈரம் வேண்டும், அந்த ஈரத்தில் வாழும் நுண்ணுயிர்கள் வேண்டும். பிக் பெண்டின் ஆற்றோரத் தாழ்நிலத்தில் ஆண்டு முழுவதும் பெய்வது சுமார் 10 அங்குலம். 2015 டிசம்பர் முதல் தேதி சென்னையில் ஒரே நாளில் அதைவிட அதிகம் கொட்டியது. நம் ஊரில் எறிந்ததை மழை இரண்டு மாதத்தில் மண்ணாக்கிவிடும். அந்தப் பழக்கத்தில்தான் நம் கை எறிகிறது. அங்கே நீங்கள் புதைத்த தாளைக் காற்றும் விலங்கும் வெளியே கொண்டுவரும். இல்லாவிட்டால் ஓடைகளில் திடீரென்று பாய்ந்து வரும் வெள்ளம் கொண்டுவரும். பிறகு முள்ளில் மாட்டிக்கொண்டு வெள்ளைக் கொடி மாதிரி ஆடிக்கொண்டிருக்கும். ஈரத்தாள்கள் பலவற்றில் பிளாஸ்டிக் இழையே கலந்திருக்கிறது. பாக்கெட்டில் மட்கும் என்று அச்சடித்தவர் அந்தப் பாக்கெட்டை எடுத்துக்கொண்டு பாலைவனத்துக்குப் போகப்போவதில்லை.

அந்த நிலம் எதையெல்லாம் அப்படியே வைத்திருக்கிறது தெரியுமா? 1909 முதல் 1919 வரை மெக்சிகோ பக்கத்துச் சுரங்கத்திலிருந்து எல்லையாக ஓடும் ரியோ கிராண்டே ஆற்றைக் கடந்து ஆறு மைல் நீளத்துக்குக் கம்பிவடம் கட்டி, வாளி வாளியாகத் தாது கொண்டுவந்தார்கள். அந்தத் தாதுவை மராத்தான் என்ற ஊரின் ரயிலடி நோக்கி ஏற்றிப்போன தடம்தான் ஓல்ட் ஓர் ரோடு. கம்பிவடத்தைத் தாங்கிய மரக் கோபுரங்களின் கட்டைகளும் வடமும் நூறு வருடம் தாண்டியும் விழுந்த இடத்திலேயே கிடக்கின்றன. டோர்னிலோ சமவெளியில் ஒரு காலத்தில் புல் இருந்தது. 1940களின் தொடக்கத்தில் அரசு நிலத்தை வாங்கிவிட்டாலும் பண்ணைக்காரர்கள் இன்னும் சில வருடம் மேய்த்துக்கொள்ள அனுமதித்தது. எப்படியும் நிலம் கையைவிட்டுப் போகிறது என்று அளவுக்கு மேல் மாடுகளை விட்டார்கள். 1944இல் பூங்கா வந்தது. எண்பது வருடம் ஆகிவிட்டது, பல இடங்களில் இன்னும் வெறும் தரை. அவ்வளவு ஏன், கலிபோர்னியாப் பாலையில் 1942இல், இரண்டாம் உலகப் போரின்போது, ஜெனரல் பேட்டன் அமெரிக்கப் படைக்குப் பயிற்சி கொடுத்தாரே, அந்த டாங்கிகளின் தடத்தை இன்னும் பார்க்கலாம்.

என்னை அங்கே அழைத்துப்போனவர் சான் அன்டோனியோவில் இருந்த ஒரு மூத்த நண்பர். நெல்லைக்காரர். நாங்கள் எல்லோரும் அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவோம். இப்போது பாளையங்கோட்டையில் மகள் வீட்டோடு இருக்கிறார். நாங்கள் தங்கியது அந்த ஓல்ட் ஓர் ரோட்டின் தென்கோடியில், லா நோரியா என்ற இடத்தில். அங்கே ஒரு சிற்றூர் இருந்திருக்கிறது. அதில் கடை வைத்திருந்த மாக்ஸ் எர்ன்ஸ்ட் என்பவரை 1908இல் யாரோ மறைந்திருந்து சுட்டார்கள். சுட்டது யார் என்பது கடைசிவரை துலங்கவில்லை. ஊர் போய்விட்டது. சாயங்காலம் சுற்றி நடந்தபோது ஒரு துருப்பிடித்த தகர டப்பாவும், வெயில் பட்டுப் பட்டு ஊதா நிறமாகிவிட்ட ஒரு கண்ணாடித் துண்டும் பார்த்தேன். கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, எடுத்த பள்ளத்திலேயே அண்ணாச்சி திரும்ப வைக்கச் சொன்னார். வைத்தேன்.

ராத்திரி புளியோதரை சாப்பிட்டோம். பாத்திரத்தில் கொஞ்சம் தண்ணீர் விட்டு அலசி, ஒட்டியிருந்த பருக்கைகளோடு பக்கத்துக் கிரியோசோட் புதரடியில் ஊற்றினேன். ஐம்பது வருடமாகக் கொல்லையில் வாழையடியில் ஊற்றிய கை. அண்ணாச்சி பார்த்துக்கொண்டே இருந்தார்.

“எய்யா, அத யாரு பொறுக்குவா?”

கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளக் கேட்பவர் போலத்தான் கேட்டார். அப்புறம் தலைவிளக்கை மாட்டிக்கொண்டு புதரடியில் முட்டிபோட்டார். நானும் உட்கார்ந்தேன். ஒவ்வொரு பருக்கையாக எடுத்தோம். ஈரச் சோற்றில் மணல் ஒட்டியிருந்தது, விரலால் தொட்டால் பருக்கையா பரலா என்று தெரியவில்லை. விளக்கொளியில் பருக்கைக்கு லேசாக எண்ணெய் மினுக்கம் இருந்தது, அதை வைத்து எடுத்தோம். கறிவேப்பிலை நாலு, ஒரு மிளகாய்த் துண்டு, பாதிக் கடலை. கடுகை மட்டும் மண்ணிலிருந்து பிரிக்க முடியவில்லை. முக்கால் மணி நேரம் ஆகியிருக்கும். எல்லாவற்றையும் ஒரு சிப்லாக் பையில் போட்டுக் காருக்குள் வைத்தார். சோற்று வாசனைக்கு ஹாவலீனா என்கிற காட்டுப்பன்றி மாதிரியான விலங்கு கூட்டமாக வரும், ஒருமுறை வந்துவிட்டால் அடுத்து வருகிறவர்களின் கூடாரத்தையும் கிழிக்கும் என்றார்.

அன்றிரவு தூக்கம் வரவில்லை. அண்ணாச்சியின் கேள்வி எங்கோ போய்த் தட்டிவிட்டது. 1970களில் எங்கள் வீட்டுக் கொல்லையில் இருந்தது எடுப்புக் கக்கூஸ். பின்சந்துப் பக்கம் சின்னதாக ஒரு தகரக் கதவு. காலையில் ஒரு பெண் சந்து வழியாக வந்து அந்தக் கதவைத் தூக்கி, வாளியில் வாரிக்கொண்டு போவார். தகரம் கல்லில் உரசுகிற சத்தம் கேட்டால் பாட்டி எங்களை உள்ளே வரச் சொல்லிவிடுவாள். தண்ணீர் தெளித்த பிறகுதான் கொல்லைக்குப் போகலாம். ஏறக்குறைய பத்து வருடம் அந்தச் சத்தத்தைக் கேட்டிருக்கிறேன். அவர் முகத்தை ஒருநாளும் பார்த்ததில்லை. பெயர் தெரியாது. எங்கள் வீடு தெருவிலேயே சுத்தமான வீடு என்று பெயர் வாங்கியது.

நம் சுத்தம் இதுதான் எஸ். அழுக்கை நம் எல்லைக்கு வெளியே தள்ளிவிடுவது. எல்லைக்கு அந்தப் பக்கம் நிற்கும் மனிதரை நாம் பார்க்க வேண்டியதில்லை என்று ஏற்பாடு செய்துவைத்தோம். மலம் அள்ள ஆள் வைக்கக் கூடாது என்று 1993இல் சட்டம் வந்தது. அது போதாமல் 2013இல் இன்னொரு சட்டம் வந்தது. இன்றும் சாக்கடைத் தொட்டிக்குள் இறங்கி மனிதர்கள் சாகிறார்கள். நீங்கள் படித்தவர், பிள்ளைகளை அருமையாக வளர்ப்பவர், கடிதத்திலேயே தெரிகிறது. அப்படிப்பட்டவருக்கும் தான் பயன்படுத்திய தாளைத் தானே எடுத்துவருவது அதிகமாகத் தெரிகிறதே, அதுதான் எனக்கு வலிக்கிறது. அடுத்து அங்கே கூடாரம் போடப்போகிறவரின் பிள்ளைக்கும் ஆறு வயது இருக்கலாம். கண்ணில் பட்டதையெல்லாம் கையில் எடுக்கிற வயது அது.

எடுத்துவருவது ஒன்றும் பெரிய வித்தையில்லை. ஒரு சிப்லாக் பைக்கு வெளிப்பக்கம் முழுக்க டக்ட் டேப் ஒட்டிவிடுங்கள், உள்ளே இருப்பது தெரியாது. இரண்டு கரண்டி சமையல் சோடா போடுங்கள், நாற்றம் வராது. அதை இன்னொரு பைக்குள் வையுங்கள். மனைவிக்கும் மகளுக்கும் மறைப்புக்காக ஆளுயரச் சின்னக் கூடாரம் கிடைக்கும், கட்டாயம் வாங்குங்கள், அவர்களுடைய தயக்கம் நியாயமானது. குழி தோண்டவே மனம் ஒப்பவில்லை என்றால் கழிவைக் கெட்டியாக்கும் பொடி போட்ட பைகள் முகாம் சாமான் கடையில் கிடைக்கும். எல்லாவற்றையும் கட்டி எடுத்துவந்துவிடலாம்.

மறுநாள் காலை ஒரு பாறை இடுக்கில் அண்ணாச்சி எலிக்கூடு ஒன்றைக் காட்டினார். அந்தப் பக்கத்துக் காட்டெலி கிடைத்த சுள்ளி, முள், விதை எல்லாவற்றையும் இழுத்துவந்து கூட்டில் குவிக்கும், அதன்மேலேயே சிறுநீர் கழிக்கும். அது காய்ந்து பழுப்பு நிறப் பாகாக இறுகி, உள்ளே இருப்பதைப் பூட்டிவிடும். மழை படாத பொந்துகளில் இப்படிப்பட்ட பழைய குவியல்கள் பத்தாயிரம் வருடத்துக்கு மேல் கெடாமல் இருந்திருக்கின்றன. விஞ்ஞானிகள் பிக் பெண்டில் அவற்றைப் பிரித்துப் பார்த்தபோது உள்ளே பைன், ஜூனிபர், ஓக் மரங்களின் இலைகளும் விதைகளும் இருந்தன. இன்று முள்ளும் கள்ளியுமாகக் கிடக்கும் அந்தத் தாழ்வான சரிவுகளில் பனிக்காலத்தில் மரக்காடு இருந்திருக்கிறது.

இதை எழுதும்போதுதான் உறைக்கிறது. அது அப்படித்தான் என்று மேலே அவசரப்பட்டுச் சொல்லிவிட்டேன். காடு திரிந்துதான் அந்தப் பாலை வந்தது, பத்தாயிரம் வருடத்துக்கு முன்னால். மகளிடம் நீங்கள் சொன்னதை மாற்ற வேண்டாம். எலிக்கூட்டைக் காட்டிச் சொல்லுங்கள், தொடாமல்.

குழி ஆறு அங்குலம் இருக்க வேண்டும், சுனையிலிருந்தும் ஓடையிலிருந்தும் நன்றாகத் தள்ளி. அந்த மண்ணில் ஆறு அங்குலம் லேசில் இறங்காது. கல் இடிக்கும். முட்டிக்கொண்டு வரும்போது தோண்ட ஆரம்பித்தால் முடியாது, ஆகவே கூடாரம் அடித்த கையோடு தோண்டிவைத்துவிடுங்கள். கைக்கரண்டி கொஞ்சம் உறுதியானதாக வாங்குங்கள், அலகில் ஆறு அங்குலத்துக்கு அழியாத மையால் ஒரு கோடு போட்டு மகள் கையில் கொடுங்கள். ஒன்பது வயது, சரியாக அளந்து தோண்டுவாள். டேப் ஒட்டிய பை திரும்பி வரும்போது உங்கள் பக்கத்தில் இருக்கட்டும்.